மகனை மூன்றாவது கீப்பராகக் கூப்பிடுகிறார்கள், அனுப்பலாமா?

அக்கா, வணக்கம். உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். மகனுக்குப் பதினெட்டு முடிந்துவிட்டது, எஸ்.பி.எம். (ஐந்தாம் படிவத் தேர்வு) முடிவு பரவாயில்லை, மாநிலத்தின் பிரசிடெண்ட் கோப்பை இளையோர் குழுவில் கோல் காவலராக இருந்தவன். இப்போது மலேசியக் காற்பந்து சூப்பர் லீக் கிளப் ஒன்று மாதம் 1,800 வெள்ளிக்கு ஓராண்டு ஒப்பந்தம் தருகிறது, அதுவும் மூன்றாவது கீப்பராக. அவன் அப்பா "ஆறாம் படிவத்துக்குப் போ, திடலெல்லாம் சோறு போடாது" என்கிறார், அவனோ இரண்டு வாரமாக வீட்டில் சரியாகப் பேசுவதில்லை, நீங்கள் நடுவில் மாட்டிக்கொண்டு தவிக்கிறீர்கள். "பெஞ்சில் உட்காரவா இவ்வளவு பாடுபட்டோம்" என்று எழுதியிருக்கிறீர்களே, அங்கேயே தொடங்குகிறேன்.

கோல் காவலர் இடம் ஓர் அணியில் ஒன்றுதான். 2025-26 பருவத்தில் மலேசிய சூப்பர் லீக்கில் 13 கிளப்புகள். ஒவ்வொன்றும் குறைந்தது மூன்று கீப்பர்களை வைத்துக்கொள்ளும். கணக்குப் போட்டால் ஆடுகிறவர் 13 பேர், காத்திருப்பவர்கள் அதைப்போல் இரு மடங்கு. ஆகவே இந்தத் தொழிலில் இருப்பவர்களில் பெரும்பாலோருக்குக் காத்திருப்பதுதான் வேலையே. முதல் கீப்பருக்குச் சிவப்பு அட்டை விழலாம், விரல் முறியலாம், தேசிய அணிக்கு அழைப்பு வரலாம். அந்த ஒரு நாளுக்காக மற்ற நாள்களில் எல்லாம் உடம்பைத் தயாராக வைத்திருக்க வேண்டும். பயிற்சியிலும் தாக்குதல் ஆட்டக்காரர்கள் நூறு பந்து அடிக்கிறார்கள் என்றால் அதில் பாதியைப் பிடித்துக் கொடுப்பது இந்த இரண்டாவது, மூன்றாவது கீப்பர்கள்தாம். சனிக்கிழமை இரவு தொலைக்காட்சியில் அவர்கள் முகம் தெரியாது, அவ்வளவுதான். மகனை யாரும் ஓரங்கட்டவில்லை அக்கா, ஒரு வேலைக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். அதனால் மற்ற வேலைகளை எப்படிப் பார்ப்பீர்களோ அப்படியே இதையும் பாருங்கள்: சம்பளம் ஒழுங்காக வருமா, எத்தனை நாளைக்கு, அடிபட்டால் யார் பார்ப்பார்கள், பத்து வருடம் கழித்துக் கையில் என்ன இருக்கும்.

முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். கீப்பரின் ஆயுள் நீளம். சிங்கப்பூரின் ஹசான் சன்னியைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். 2024 ஜூனில், உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில், தாய்லாந்திடம் சிங்கப்பூர் 3-1 எனத் தோற்ற ஆட்டத்தில் அவர் தடுத்த பந்துகளால் சீனா அடுத்த சுற்றுக்குப் போனது. சீன ரசிகர்கள் நன்றிக்கடனாக அவர் மனைவி நடத்தும் நாசி லெமாக் கடைக்குப் பணம் அனுப்ப, போதும் நிறுத்துங்கள் என்று அவரே கேட்டுக்கொள்ளும்படி ஆனது. அப்போது அவருக்கு வயது 40. இதில் எனக்குப் பெரிதாகப் பட்டது அந்தக் கடைதான். நாட்டின் முதல் கீப்பர் வீட்டிலேயே காற்பந்துக்கு வெளியே ஒரு வருமானம் இருந்தது.

இன்னொருவர், அவரும் சிங்கப்பூர்தான், இஸ்வான் மாபூட். 2015 ஜூனில் சைத்தாமாவில் ஜப்பானை 0-0 என்று நிறுத்திய அந்த இரவில் ஆசியா முழுக்க அவர் பெயர் அடிபட்டது. அதோடு வாழ்க்கை செட்டில் ஆகிவிட்டது என்றுதானே நினைப்போம்? இல்லை. ஜப்பானில் தகுதித் தேர்வுக்குப் போய் வந்தார், பிறகு தாய்லாந்தில் நோங்புவா பிச்சாயா, திராட் என்று சிறிய கிளப்புகளில் ஆடினார், அப்புறம்தான் சிங்கப்பூரின் லயன் சிட்டி செய்லர்ஸ். 2025 மேயில் அந்த அணி, ஆசியக் கிளப்புகளுக்கான ஏ.எஃப்.சி. சாம்பியன்ஸ் லீக் 2 இறுதிப் போட்டி வரை போய் ஷார்ஜாவிடம் 2-1 எனத் தோற்றது. இஸ்வானுக்கு அப்போது 34. தாக்குதல் ஆட்டக்காரர் பலர் அந்த வயதில் காலணியைக் கழற்றிவிடுவார்கள்.

பிலிப்பைன்ஸின் நீல் எதரிட்ஜ் இங்கிலாந்தில் பிறந்து வளர்ந்தவர், அவருக்குக் கிடைத்த பயிற்சி நம் பிள்ளைகளுக்குக் கிடைக்காது, அதனால் அப்படியே ஒப்பிடக் கூடாது. ஆனாலும் இதை மகனிடம் சொல்லுங்கள்: ஃபுல்ஹாம் கிளப்பில் 2008 முதல் 2014 வரை இருந்தார், முதல் அணிக்காக ஆடியது ஒரே ஓர் ஆட்டம். வெளியே வந்து சில மாதம் கிளப்பே இல்லாமல் கிடந்தார். 2018இல் கார்டிஃப் அணிக்காக இங்கிலாந்தின் பிரீமியர் லீக்கில் இறங்கியபோது முதல் இரண்டு ஆட்டத்திலும் ஆட்டத்துக்கு ஒரு பெனால்டியைத் தடுத்தார். 2024இல் தாய்லாந்தின் புரிராம் யுனைடெட்டுக்கு வந்தார்.

சரி, இனி பயப்பட வேண்டியதைச் சொல்கிறேன். பெஞ்சைப் பார்த்துப் பயப்படாதீர்கள், கிளப்பைப் பார்த்துப் பயப்படுங்கள். நம் சமூகத்தின் மீஃபா (மலேசிய இந்தியர் காற்பந்துச் சங்கம்) அணி கீழ்நிலை லீக்கிலிருந்து ஏறி, பெட்டாலிங் ஜெயா சிட்டி என்று பெயர் மாறி, சூப்பர் லீக்கில் ஆடி, 2022 பருவத்தோடு விலகிக்கொண்டது. நம் பையன்கள் எத்தனை பேருக்கு அது வாசலாக இருந்தது என்று உங்களுக்கே தெரியும். அதே வருடத்தோடு மலேசியாவின் இரண்டாம் நிலையான பிரீமியர் லீக்கும் மூடப்பட்டது, அதாவது இருபது வயதுக் கீப்பர் ஒருவன் தவறு செய்து, கற்று, நிமிரக்கூடிய சம்பள லீக் ஒன்று இல்லாமல் போனது. சின்ன வயதிலிருந்து நாம் கேட்டு வளர்ந்த பேராக், கெடா, பகாங் பெயர்கள் 2025-26 சூப்பர் லீக்கில் இல்லை. ஹசான் சன்னி ஆடிய தாய்லாந்தின் ஆர்மி யுனைடெட் கிளப்பும் இன்று இல்லை. ஒரு கிளப் தள்ளாடும்போது முதலில் வெட்டப்படுவது ஆடாதவன் சம்பளம்தான். மூன்றாவது கீப்பருக்குப் பதில் இளையோர் குழுவிலிருந்து இன்னும் மலிவாக ஒரு பையனை ஏற்றிவிடுவார்கள். அதனால்தான் இந்த வரிசையில் இருப்பவர்கள் வருடத்துக்கு ஒரு கிளப் என்று மாநிலம் மாநிலமாக, நாடு நாடாக மாறிக்கொண்டே இருக்கிறார்கள். திறமை இல்லாமல் ஊர் ஊராகச் சுற்றுகிறான் என்று சொந்தக்காரர்கள் பேசுவார்கள், காதில் போட்டுக்கொள்ளாதீர்கள், ஒப்பந்தம் ஒரு வருடம் என்றால் அப்படித்தான் இருக்கும்.

பல வருடம் முன்பு என்னிடம் ஆலோசனைக்கு வந்த ஒரு தம்பியும் கீப்பர்தான். ஏழு வருடத்தில் நான்கு கிளப். கடைசிக் கிளப்பில் மூன்று மாதச் சம்பளம் நின்றுபோனது, "அடுத்த வாரம், அடுத்த வாரம்" என்று இழுத்தார்கள், இவனும் ஒரு நாள் இறங்க விடுவார்கள் என்ற ஆசையில் வாயைத் திறக்கவில்லை. கேட்கப் போனபோது கையில் சம்பளச் சீட்டு இல்லை, ஒப்பந்தத்தின் நகல்கூட இல்லை, வாட்ஸ்அப் செய்திகள் மட்டும். கிளப்பின் பெயர் வேண்டாம். முதல் ஒப்பந்தத்திலேயே இதையெல்லாம் அவனுக்கு நான் எடுத்துச் சொல்லியிருக்க வேண்டும், சொல்லவில்லை. அந்த வருத்தம் எனக்கு இன்னும் இருக்கிறது, இந்தக் கடிதம் இவ்வளவு நீளமாகப் போவதற்கு அதுவும் ஒரு காரணம்.

ஆகவே ஒப்பந்தத்துக்கு வருவோம். 1,800 வெள்ளி என்கிறார்களே, அதில் அடிப்படைச் சம்பளம் எவ்வளவு, அலவன்ஸ் எவ்வளவு என்று கேளுங்கள். நாட்டின் குறைந்தபட்சச் சம்பளமே 2025 பிப்ரவரியிலிருந்து 1,700 வெள்ளி, எனவே பெரிய தொகை ஒன்றும் இல்லை. தங்குமிடமும் சாப்பாடும் அவர்கள் கொடுத்தால்தான் இது கட்டுப்படியாகும். முழுத் தொகைக்கும் இபிஎஃப் (ஊழியர் சேமநிதி) கட்டினால் முதலாளி பங்கு 13 விழுக்காடு, மகன் பங்கு 11 விழுக்காடு, இரண்டும் சேர்ந்து மாதம் 432 வெள்ளி அவன் பெயரில் சேரும். பதினெட்டு வயதில் தொடங்கினால் அது சின்னக் காசு இல்லை. "இப்போதைக்கு இபிஎஃப் வேண்டாம், கையிலேயே தந்துவிடுகிறோம்" என்றால் தலையாட்டாதீர்கள்.

காயத்தைப் பற்றி ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பதை வரி வரியாகப் படிக்க வேண்டும். அறுவை சிகிச்சைச் செலவு யாருடையது, ஆறு மாதம் படுத்தால் சம்பளம் உண்டா, சொக்சோ எனும் தொழிலாளர் காப்புறுதி கட்டுவார்களா. கீப்பர் எதிராளியின் காலடியில் தலையைக் கொடுப்பவன். இந்தோனேசியாவின் லாமோங்கானில் 2017 அக்டோபர் 15ஆம் தேதி, பெர்செலா அணியின் கீப்பர் சொய்ருல் ஹுடா சொந்த அணி ஆட்டக்காரரோடு மோதி உயிரிழந்தார், வயது 38, ஆயுள் முழுக்க அந்த ஒரே கிளப்புக்கு ஆடியவர். உங்களைப் பயமுறுத்த இதைச் சொல்லவில்லை, காப்புறுதி பற்றிக் கேட்கும்போது நீங்கள் கூச்சப்படக் கூடாது என்பதற்காகச் சொல்கிறேன்.

"திறமை போதவில்லை என்றால் கிளப் எப்போது வேண்டுமானாலும் நிறுத்தலாம்" என்ற மாதிரி ஒரு வரி இருந்தால் கையெழுத்து வேண்டாம். ஆடவே வாய்ப்பில்லாதவனின் திறமையை எதை வைத்து அளப்பார்கள்? சரியாக ஆடவில்லை என்பதை ஒப்பந்தத்தை முறிக்க நியாயமான காரணமாக ஃபிஃபா ஏற்பதில்லை. அதே ஃபிஃபா விதியில் இன்னொன்றும் இருக்கிறது: இரண்டு மாதச் சம்பளம் சட்டவிரோதமாக நின்றுபோனால், 15 நாள் அவகாசம் கொடுத்து எழுத்தில் அறிவித்த பின் ஆட்டக்காரர் ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு வெளியேறலாம். இந்த ஒரு விஷயத்தை மகன் மனப்பாடம் செய்து வைத்துக்கொள்ளட்டும். இங்கே தொழில்முறை ஆட்டக்காரர்களுக்கென்று பிஃபாம் என்ற சங்கம் இருக்கிறது, கையெழுத்துக்கு முன்பே அவர்களிடம் ஒப்பந்தத்தைக் காட்டலாம். ஏஜெண்டு அவசரப்படுத்துவார், "இன்றைக்கே போடாவிட்டால் வேறு பையன்" என்பார். அப்படிச் சொல்கிறவரிடம் ஒரு நாள் கூடுதலாகவே எடுத்துக்கொள்ளுங்கள்.

சம்பளம் தாமதமாகும் மாதங்களில் வேறொருவரும் வருவார், அதை அம்மாவான உங்களிடம் மறைக்கக் கூடாது. 1994இல் இந்த நாட்டுக் காற்பந்தையே உலுக்கிய சூதாட்ட விவகாரம் உங்களுக்கு நினைவிருக்கும். ஒரு கோல் விட்டால் போதும் என்கிற இடத்தில் நிற்பவன் கீப்பர், அதிலும் சம்பளம் குறைந்த, எப்போதோ ஓர் ஆட்டம் கிடைக்கிற கீப்பரைத் தேடித்தான் முதலில் வருவார்கள். நல்ல காலணி வாங்கித் தருவார்கள், சாப்பிடக் கூப்பிடுவார்கள், கடன் கொடுப்பார்கள். ஆலோங்கிடம், அதாவது சட்டவிரோதமாக வட்டிக்கு விடுபவரிடம், கடன் இருக்கிற பையன் எளிதில் மாட்டுவான். "பணம் தட்டுப்பாடு என்றால் முதலில் வீட்டுக்குச் சொல், நாங்கள் திட்ட மாட்டோம்" என்று அவனிடம் நீங்களும் அவன் அப்பாவும் சேர்ந்து சொல்லுங்கள். அப்பா சொல்வது முக்கியம்.

இனி படிப்பு. அப்பாவின் கவலையில் நியாயம் இருக்கிறது, ஆனால் ஆறாம் படிவமும் கிளப்பும் ஒன்றாக ஓடாது, தினமும் பள்ளியில் இருக்க வேண்டும். கிளப்பில் வழக்கமாக நாளுக்கு ஒரு வேளைதான் பயிற்சி, வெயிலுக்குப் பயந்து காலையிலோ மாலையிலோ இரண்டு மணி நேரம், அப்புறம் ஜிம். மீதி நேரம்? விடுதி அறையில் கைப்பேசியும் தூக்கமும். முதல் கீப்பருக்காவது ஆட்டத்தின் களைப்பு இருக்கும், மூன்றாவது கீப்பருக்கு அதுவும் இல்லை. பையன்கள் வீணாவது இந்த வெறும் மதியங்களில்தான், நான் பார்த்தவரை. அதனால் ஒப்பந்தம் போடும் அதே மாதத்தில் மலேசியத் திறந்தநிலைப் பல்கலைக்கழகத்திலோ வாவாசானிலோ ஒரு டிப்ளோமாவுக்குப் பதிந்துவிடுங்கள். பாடம் பெரும்பாலும் இணையத்தில், எந்த மாநிலக் கிளப்புக்கு மாறினாலும் கூடவே வரும். கணக்கியலோ நிர்வாகமோ அவனுக்குப் பிடித்தது எதுவானாலும் சரி. விளையாட்டு அறிவியல் என்றால்தான் பொருத்தம் என்று பலர் சொல்வார்கள், எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை. திடலுக்கு வெளியே நிற்க இன்னொரு தரை வேண்டும் என்றுதானே படிக்க வைக்கிறோம், அதுவும் திடலாகவே இருந்தால் எப்படி? இருபத்து மூன்று, இருபத்து நாலில் கீப்பர் பயிற்றுநருக்கான ஏ.எஃப்.சி. முதல் நிலைச் சான்றிதழை எடுக்கப் பார்க்கலாம். பெஞ்சில் உட்கார்ந்து ஆட்டத்தை வருடக்கணக்காகப் பார்த்தவர்களில் நல்ல பயிற்றுநர்கள் வருவதுண்டு.

மகனுக்கு நேராக ஒன்று. தம்பி, உன் உயரமும் பாய்ச்சலும் நல்லது என்று அம்மா எழுதியிருக்கிறார். இன்றைக்குப் பயிற்றுநர்கள் காலையும் பார்க்கிறார்கள், பின்னாலிருந்து பந்தை இரண்டு காலாலும் கொடுக்கத் தெரிய வேண்டும். 2025-26இலிருந்து பந்தைக் கையில் எட்டு விநாடிக்கு மேல் வைத்திருந்தால் எதிரணிக்குக் கார்னர், அதையும் பயிற்சியில் எண்ணிப் பழகு. ஆங்கிலத்தைச் சரளமாக்கிக்கொள். தாய்லாந்திலும் இந்தோனேசியாவிலும் ஆசியான் ஆட்டக்காரர்களுக்குத் தனி ஒதுக்கீடு இருந்த பருவங்கள் உண்டு. இருபத்தைந்து வயதில் அந்தக் கதவைத் தட்டப்போகிறவன் இன்றைக்கே அதற்குத் தயாராக வேண்டும். எழுபதுகளில் தேசியக் கீப்பர் ஆறுமுகத்தை ஸ்பைடர்மேன் என்று இந்த நாடே கொண்டாடியதை உன் தாத்தா சொல்லியிருப்பார். அவர் போல ஆக ஆசைப்படுவதில் தப்பே இல்லை. அவர் நின்றபோது பின்னால் பெஞ்சில் ஒருவர் கையுறையோடு உட்கார்ந்திருந்தார், அவரையும் நினைத்துக்கொள்.

என் முடிவு என்ன என்று கேட்டால், ஒரு வருடம் அனுப்புங்கள் என்பேன். இபிஎஃப், காயம், நிறுத்தும் விதி, இந்த மூன்றும் சரியாக இருந்தால். மூன்றில் ஒன்று கோணலாக இருந்து அவர்கள் திருத்த மறுத்தால், டிப்ளோமாவில் சேர்த்துவிட்டு ஏ1 அரை-தொழில்முறை லீக் அணி ஒன்றில் ஆட விடுங்கள், அங்கே சம்பளம் குறைந்தாலும் ஆட்டமாவது கிடைக்கும். அடுத்த வருடம் எந்தக் கிளப்பிலும் புதுப்பிக்கவில்லை என்றால் என்ன செய்வது என்பதையும் இப்போதே மூவரும் உட்கார்ந்து பேசி ஒரு தாளில் எழுதி வையுங்கள், பருவம் முடியும்போது பதற்றத்தோடு பேசுவதைவிட அது நல்லது.

சனிக்கிழமை காலை பத்து மணிக்கு வாருங்கள். ஒப்பந்தத்தின் எல்லாப் பக்கமும் வேண்டும், கடைசிப் பக்கம் மட்டும் படமெடுத்து அனுப்பாதீர்கள். அவன் அப்பாவுக்கு லாரி ஓட்டம் இருந்தால் நேரத்தை மாற்றிக்கொள்ளலாம், அவர் கட்டாயம் கூட வரட்டும்.