செங்கல் விலை ஏன் இப்படி? கேள்வி பதில்

சூளைக்காரருக்கும் கட்டடம் கட்டுபவருக்கும் நடுவில் லோடு பிடித்துக் கொடுப்பது என் தொழில். செங்கல் வியாபாரம், விலைப்போக்கு பற்றி வந்த கேள்விகளுக்கு எனக்குத் தெரிந்தவரை பதில் சொல்கிறேன்.

செங்கல்பட்டில் வீடு கட்டும் ஒருவர்: அண்ணா, சிமெண்டுக்கு ஜிஎஸ்டி 28-லிருந்து 18 ஆனது. செங்கல் மட்டும் இறங்கவே இல்லையே? கேட்டால் நிலக்கரி வரி ஏறிவிட்டது என்கிறார்கள்.

செங்கலுக்கு வரி குறையவே இல்லை, அதனால்தான். 2025 செப்டம்பர் 22 மாற்றத்தில் சுண்ணாம்பு மணல் கல் மட்டும் 12-லிருந்து 5-க்கு வந்தது. சுட்ட களிமண் கல்லும் அனல்மின் நிலையச் சாம்பலில் செய்யும் சாம்பல் கல்லும் 2022 ஏப்ரல் 1-இல் வைத்த இடத்திலேயே இருக்கின்றன. சூளைக்காரர் தான் வாங்கும் பொருளுக்குக் கட்டிய வரியைக் கழித்துக்கொண்டால் 12 சதவீதம், கழிக்காவிட்டால் 6. அதற்கு முன்பு 5 சதவீதம்தான். சிறிய சூளைகளுக்கு இணக்கவரித் திட்டத்தில் (சிறு தொழிலுக்கு மொத்த விற்பனையில் குறைந்த வரி) 1 சதவீதத்தோடு முடிந்தது.

நிலக்கரி விஷயம் உண்மைதான், ஆனால் பாதி உண்மை. அதே 2025 செப்டம்பர் 22-இல் நிலக்கரி வரி 5-லிருந்து 18 ஆனது, டன்னுக்கு 400 ரூபாய் என்று இருந்த செஸ், அதாவது கூடுதல் வரி, போனது. கணக்குப் போட்டுப் பாருங்கள். டன் 3,000 ரூபாய் கரி என்றால் முன்பு 150-உம் 400-உம் சேர்ந்து 550, இப்போது 540. அதாவது பத்து ரூபாய் லாபம். டன் 10,000 ரூபாய் இறக்குமதிக் கரி என்றால் முன்பு 900, இப்போது 1,800. நிலக்கரிச் சுரங்கத்துக்குப் பக்கத்தில் இருக்கும் சூளைக்கு ஒன்றுமில்லை, துறைமுகத்திலிருந்து நல்ல கரி எடுக்கும் சூளைக்குத்தான் அடி.

அந்த அடி எவ்வளவு? லட்சம் கல் சுட ஏறக்குறைய 15 டன் என்று வைத்தால் கூடுதல் வரி 13,500 ரூபாய். கல்லுக்கு 13 அல்லது 14 பைசா. இதைக் காரணம் சொல்லி ஒருவர் கல்லுக்கு ஒரு ரூபாய் ஏற்றினால், மீதி எங்கே போகிறது என்று நீங்கள் தாராளமாகக் கேட்கலாம். 12 சதவீதம் கட்டுபவருக்கு இந்த 13 பைசாகூட நஷ்டமில்லை, அவர் கழித்துக்கொள்வார். சீமைக்கருவேல விறகில் சுடுபவர் கரி வரியைப் பற்றிப் பேசினால் சிரித்துவிட்டு வாருங்கள்.

சூளை நடத்தும் ஒருவர்: 12-இல் இருப்பதா, 6-இல் இருப்பதா சார்?

வாங்குபவர் யார் என்று பாருங்கள். தனி வீட்டுக்காரர் உங்களுக்குக் கொடுக்கும் வரியைக் கழித்துக்கொள்ள முடியாது, அவருக்கு 6 போதும். அடுக்குமாடி கட்டும் பில்டர்களும் 2019 ஏப்ரல் முதல் பெரும்பாலும் உள்ளீட்டு வரி (வாங்கும் பொருளுக்குக் கட்டிய வரி) கழிக்காத திட்டத்தில் இருக்கிறார்கள், அவர்களுக்கும் 12 சுமைதான். அரசு ஒப்பந்தக்காரர்களுக்கும் தொழிற்சாலைக் கட்டடங்களுக்கும் அதிகம் போடுபவராக இருந்தால் 12 சரிவரும். ஆடிட்டரிடம் ஒருமுறை உங்கள் கரி பில்லைக் காட்டிவிட்டு முடிவெடுங்கள்.

திருச்சியிலிருந்து ஒரு கட்டட மேஸ்திரி: எந்த மாசம் வாங்கினால் மலிவு?

தமிழ்நாட்டில் பொங்கலுக்குப் பிறகு கல் அறுப்பு, அதாவது மண்ணை அச்சில் போட்டுப் பச்சைக் கல் எடுப்பது, சூடுபிடிக்கும். சித்திரை, வைகாசியில் களம் நிறையக் கல் இருக்கும், பேரம் படியும். ஐப்பசி மழை வந்தால் பச்சைக் கல் காயாது, சூளை நிற்கும், இருப்பு வைத்திருப்பவர் சொன்னதுதான் விலை. வட இந்தியாவில் இதற்கு நேர்மாறாக ஜூலை முதல் செப்டம்பர் வரை சூளை மூடிக்கிடக்கும், அதனால் "இந்திய விலை" என்று ஒன்றைப் பார்த்து இங்கே திட்டம் போடாதீர்கள். இடம் இருந்தால் புரட்டாசிக்குள் இறக்கி வைத்துவிடுங்கள்.

இன்னொன்று, அறுப்பு ஆள். திருவள்ளூர் பக்கச் சூளைகள் ஒடிசாவின் பலாங்கீர் பகுதியிலிருந்து வரும் குடும்பங்களை நம்பி ஓடுகின்றன. அவர்கள் வருவது தாமதமானால் அந்த வருடம் விலை சீக்கிரம் இறங்காது. முன்பணம் கொடுத்து ஆளைக் கட்டிவைக்கும் பழக்கம் கொத்தடிமைச் சட்டத்தில் வரும் குற்றம். அப்படி வரும் மலிவுக் கல்லை நான் லோடு ஏற்றுவதில்லை.

பாலக்காட்டிலிருந்து ஒரு வியாபாரி: கோவைக் கல் முன்புபோல் வருவதில்லையே?

கோவைக்குப் பக்கத்தில் சின்னத்தடாகம் பள்ளத்தாக்கில் இருந்த 180-க்கும் மேற்பட்ட சூளைகளை 2021-இல் மூடிவிட்டார்கள். செம்மண்ணை ஆழமாகத் தோண்டியது, யானை வழித்தடம், அனுமதி இல்லாதது என்று வழக்குகள் போயின. கேரளத்துக்கு அங்கிருந்துதான் நிறைய கல் போய்க்கொண்டிருந்தது. இப்போது நீங்கள் தூரத்திலிருந்து எடுக்கிறீர்கள், கொடுக்கும் கூடுதல் பணத்தில் பெரும்பகுதி லாரி வாடகை.

மத்திய அரசின் 2022 பிப்ரவரி 22 அறிவிக்கையும் சேர்ந்துகொண்டது. சூளைகள் ஜிக்ஜாக் முறைக்கோ (சூடான காற்று கல் அடுக்குகளுக்கு நடுவே வளைந்து வளைந்து போகும் அமைப்பு) செங்குத்துச் சூளைக்கோ மாறவேண்டும், புதிய சூளை குடியிருப்பிலிருந்து 800 மீட்டர் தள்ளி இருக்கவேண்டும். ஜிக்ஜாக்கில் கரி மிச்சமாகும் என்பது உண்மை. ஆனால் மாற்றும் செலவைச் சிறியவர் தாங்கமாட்டார், பெரியவர் கையில் வியாபாரம் சேரும். விலைக்கு அது நல்லதில்லை.

மதுரையிலிருந்து ஒருவர்: ஒருவர் கல் 10 ரூபாய் என்கிறார், இன்னொருவர் 9. ஒன்பதுக்கே எடுத்துவிடட்டுமா?

அளவு நாடாவோடு போங்கள். பத்து ரூபாய்க் கல் 230, 110, 75 மில்லிமீட்டர் என்றும், ஒன்பது ரூபாய்க் கல் 220, 105, 70 என்றும் வைத்துக்கொள்வோம். கண்ணுக்கு வித்தியாசம் தெரியாது, கன அளவில் கிட்டத்தட்ட 15 சதவீதம் குறைவு. அந்தக் கல்லின் நியாய விலை எட்டரை ரூபாய். இதில் கூடுதல் கலவையும் கொத்தனார் கூலியும் சேரவில்லை.

அப்புறம், ஐந்து கல்லை எடை போட்டு 24 மணி நேரம் தண்ணீரில் ஊறவைத்து மறுபடி போடுங்கள். ஐஎஸ் 1077 என்ற இந்தியத் தரப்படி சாதாரணக் கல் தன் எடையில் 20 சதவீதத்துக்கு மேல் தண்ணீர் குடிக்கக்கூடாது. விலை பேசும்போது "இறக்குக் கூலியோடு, சைட்டில்" என்று சொல்லிப் பேசுங்கள். லோடுக்கு எத்தனை கல் என்பதையும் எழுதி வாங்குங்கள், ஊருக்கு ஊர் அது மாறும்.

சென்னையிலிருந்து ஒரு மாணவி: செங்கலை ஏற்றுமதி செய்யமுடியாதா? உலகிலேயே சீனாவுக்கு அடுத்து நாம்தானே அதிகம் செய்கிறோம்?

செய்கிறோம், ஆனால் அந்தக் கல் எல்லாம் உள்ளூரிலேயே சுவராகிவிடுகிறது. ஒரு கல் 3 கிலோ. 24 டன் ஏற்றும் கன்டெய்னரில் 8,000 கல்தான் போகும், பத்து ரூபாய் என்றால் சரக்கின் மதிப்பு 80,000. கப்பல் வாடகையும் துறைமுகச் செலவும் அதை விழுங்கிவிடும். எல்லையைத் தாண்டி லாரியில் நேபாளத்தின் எல்லையோரச் சமவெளியான தராய்க்கும் பூடானுக்கும் போகிறது, அங்கே தூரம் குறைவு. பொள்ளல் கல் (உள்ளே துளையுள்ள கல்), முகப்புக்கு ஒட்டும் ஓட்டுக்கல் போன்றவற்றுக்கு எடைக்கு மதிப்பு அதிகம், ஏற்றுமதியில் ஆர்வம் இருந்தால் அந்தப் பக்கம் பாருங்கள்.

வேலூரிலிருந்து ஒருவர்: ஏஏசி பிளாக் வந்து செங்கல் விலையை இறக்கிவிடுமா?

ஏஏசி என்பது உள்ளே காற்றுக் குமிழிகள் உள்ள இலேசான கான்கிரீட் கல். நகரத்தில் அடுக்குமாடிகளில் அது ஏற்கெனவே பிடித்துவிட்டது, எடை செங்கலில் பாதிகூட இல்லை. ஊர்ப்பக்கத் தனி வீட்டில், சுவரில் அடிக்கும் ஆணி நிற்கவேண்டும் என்று இன்னும் பலர் செங்கலைத்தான் கேட்கிறார்கள். கல்லுக்குக் கல் விலையை ஒப்பிடாமல், பூச்சோடு சேர்த்து ஒரு சதுர அடிச் சுவருக்கு இரண்டிலும் எவ்வளவு என்று மேஸ்திரியிடம் எழுதி வாங்குங்கள்.