பிகினியின் தேங்காய் (கடிதமும் பதிலும்)

அன்புள்ள ஐயா,

பிகினித் தீவைப் பற்றி ஓர் ஆவணப்படம் பார்த்தேன். அணுகுண்டு வெடித்த இடத்தில் இன்று பவளமும் மீனும் செழித்திருக்கின்றன. இயற்கை தன்னைத் தானே ஆற்றிக்கொண்டுவிட்டதே, பிறகு ஏன் அந்த மக்கள் ஊர் திரும்பவில்லை? இழப்பீட்டுக்காகத்தானோ? நான் பொறியியல் மாணவன். மேற்கொண்டு அணுசக்தி படிக்கலாமா?

கா., ஈரோடு

அன்புள்ள தம்பி,

தாராளமாகப் படியுங்கள். ஆவணப்படத்து மீன்களும் உண்மைதான்; வலை விழாத கடலில் மீன் பெருகும். அதை விடுங்கள்.

'இழப்பீட்டுக்காகத்தானோ' என்ற சொல்தான் என்னைச் சுட்டது. பிகினி பசிபிக் கடலில் மார்ஷல் தீவுகளில் ஒன்று. மனிதகுலத்தின் நன்மைக்காக என்று சொல்லி, அணுகுண்டுச் சோதனைக்காக 1946இல் அதன் 167 பேரையும் அமெரிக்கா கப்பலேற்றியது. இறக்கிவிட்ட ரோங்கெரிக் தீவில் பட்டினி கிடந்தார்கள். மார்ஷல் தீவுகளில் 1958 வரை அமெரிக்கா நடத்திய சோதனைகள் 67. பின்னாளில் இழப்பீட்டை முடிவுசெய்ய அமைத்த தீர்ப்பாயம் 200 கோடி டாலருக்கு மேல் கொடுக்கச் சொன்னது. இழப்பீட்டு நிதியத்தில் அமெரிக்கா போட்டதோ 15 கோடி. 2014இல் இந்தியா உட்பட அணு ஆயுத நாடுகள்மீது ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றத்தில் இதே மார்ஷல் தீவுகள் வழக்குப் போட்டபோது, ஒரு டாலர் இழப்பீடும் கேட்கவில்லை. ஆயுதக் குறைப்புப் பேச்சுக்கு வாருங்கள் என்றுதான் கேட்டார்கள். ஒரு படம் பார்த்துவிட்டு இவர்களைப் பணத்தாசைக்காரர்கள் ஆக்கலாமா?

சரி, தேங்காய்க்கு வருகிறேன். கொஞ்ச காலமாகவே மனத்தில் ஓடிக்கொண்டிருக்கும் விஷயம் இது. பிகினியின் மண் பவளம் பொடிந்த மண். அதில் பொட்டாசியம் மிகக் குறைவு. குண்டு விட்டுப்போன கதிரியக்கப் பொருளான சீசியம்-137 வேதிக் குணத்தில் பொட்டாசியத்துக்குப் பங்காளி. தென்னைக்குப் பொட்டாஷ் வைத்தவர்களுக்குத் தெரியும், அந்த மரம் எவ்வளவு கேட்கும் என்று. கேட்டது கிடைக்காத மண்ணில் அது சீசியத்தை உறிஞ்சி இளநீரிலும் பருப்பிலும் சேர்த்துவிடுகிறது. மரத்தைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. குலை குலையாகக் காய்க்கும்.

1968இல் அமெரிக்க அதிபர் ஜான்சன் ஊர் திரும்பலாம் என்று அறிவித்தார். புதிதாகத் தென்னங்கன்றுகள் நட்டார்கள். எழுபதுகளில் சில குடும்பங்கள் போய்க் குடியேறி, அந்தக் காய்களைத் தின்றன. உடம்பில் சீசியம் ஏறிக்கொண்டே போனதை அளவீடுகள் காட்டின. 1978இல் மறுபடியும் கப்பல்.

பட்டுக்கோட்டைப் பக்கம் எங்கள் அப்பத்தா, "வெலைக்குத் தேங்கா வாங்குற வீடும் ஒரு வீடா?" என்பாள். கடைசிக் காலத்தில் டவுனில் மகன் வீட்டில் இருந்தபோதும், தோப்புக் காய் வந்து சேராத வாரம் சட்னியைத் தொடமாட்டாள். வீம்பு என்று நாங்கள் எரிச்சல்படுவோம். பிகினியைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் அவள் நினைப்புத்தான் வருகிறது. அந்த மக்களிடம் நிபுணர்கள் சொன்னதன் சாரம் என்ன? தீவில் நடக்கலாம், குளிக்கலாம், ஆனால் அங்கே விளைவதையே உண்டு நிரந்தரமாக வாழ முடியாது. சொந்த மரத்துக் காயை உடைக்கக் கூடாது என்றால் அங்கே போய் எதற்குக் குடியிருப்பது? ஆற்றிக்கொண்டுவிட்டது என்கிறீர்களே, யாருக்கு ஆறியது?

பொட்டாசிய உரம் இட்டால் மரம் சீசியத்தை எடுப்பது வெகுவாகக் குறைகிறது என்று அங்கேயே சோதித்துக் கண்டிருக்கிறார்கள். சீசியத்தின் அரையாயுளும், அதாவது அது பாதியாகக் குறையும் காலமும், முப்பது வருடம்தான். வழி இல்லாமல் இல்லை. ஆனால் ஒருமுறை 'பயமில்லை, போங்கள்' என்று சொல்லி ஏமாற்றியவர்களை அந்த மக்கள் எப்படி நம்புவார்கள்? மார்ஷல் தீவுகளில் இன்னொன்றான ரோங்கெலாப்பிலும் இதே கதை. 1954 மார்ச் 1 அன்று பிகினியில் வெடித்த பிராவோ என்ற ஹைட்ரஜன் குண்டின் சாம்பல் அந்தத் தீவில் விழுந்தது. 1957இல் மக்களைத் திருப்பி அனுப்பிவிட்டு, மருத்துவர்கள் ஆண்டுதோறும் வந்து சோதித்துக் குறித்துக்கொண்டு போனார்கள். பிள்ளைகளுக்குத் தைராய்டில் கட்டிகள் வந்தன. 1985இல் அவர்களை ஏற்றிக்கொண்டு வந்தது கிரீன்பீஸ் என்ற சுற்றுச்சூழல் அமைப்பின் கப்பல். குண்டு போட்ட அரசு அல்ல.

தம்பி, அணுசக்தி படிக்கும்போது கதிர்வீச்சு அளவுக் கணக்கில் உணவு வழியாக உடம்புக்குள் வருவதைப் பற்றி ஒரு பகுதி இருக்கும். அதைத் தள்ளிவிடாதீர்கள். அதை முடித்ததும் எனக்கு எழுதுங்கள்.