த்ராட்டிலைச் சுத்தம் செய்த பிறகு ஐடிலிங் ஏறி இறங்குவது ஏன்?

பேட்டரியைக் கழற்றி, த்ராட்டில் பாடியை (இன்ஜினுக்குள் போகும் காற்றைக் கட்டுப்படுத்தும் பகுதி) சுத்தம் செய்தபின் உங்கள் ஹோண்டா காரில், ஐடிலில் (ஆக்சிலரேட்டரை மிதிக்காமல் இன்ஜின் ஓடும்போது) ஆர்பிஎம் முள் ஆடுகிறது என்கிறீர்கள். பார்ட் மாற்ற அவசரப்படாதீர்கள்.

த்ராட்டில் தகட்டின் விளிம்பில் கரி படியப் படிய, இசியூ (இன்ஜினைக் கட்டுப்படுத்தும் கணினி) அதற்கேற்ப தகட்டைச் சற்று கூடுதலாகத் திறந்து சமாளிக்கும். கரி போனதும் பழைய கணக்கு பொருந்தாது; பேட்டரியைக் கழற்றியதில் அந்தக் கணக்கே அழிந்தும் இருக்கலாம். புதிதாகக் கற்றுக்கொடுக்க வேண்டும்.

ஏசி, லைட் எல்லாம் ஆஃப். நியூட்ரலில் ஸ்டார்ட் செய்து, ரேடியேட்டர் ஃபேன் சுற்றும்வரை 3000 ஆர்பிஎம்மில் பிடியுங்கள். பிறகு 5 நிமிடம் ஐடிலில் விடுங்கள். இந்த 5 நிமிடமும் ஆக்சிலரேட்டரில் கால் படவே கூடாது (பலர் கோட்டை விடுவது இங்கேதான்). ஃபோக்ஸ்வாகன் போன்றவற்றில் இதை ஸ்கேனர் (இசியூவுடன் இணைக்கும் கருவி) வழியாகச் செய்வதே வழக்கம்.

அப்படியும் ஆடினால், காற்றுக் கசிவால் 'உஸ்' சத்தம் வருகிறதா என்று வேக்குவம் ஹோஸ்களை (இன்ஜினின் காற்றுப் பாதையோடு இணைந்த ரப்பர் குழாய்கள்) பாருங்கள்.