இந்தியாவும் ஜப்பானும் ராணுவக் கூட்டாளிகளா?

இல்லை. ஒரு நாடு தாக்கப்பட்டால் மற்றது போருக்கு வந்தாக வேண்டும் என்ற ஒப்பந்தம் இரண்டுக்கும் இடையே கிடையாது. ஆனாலும் உறவு ரொம்ப நெருக்கமானது.

1998-ல் பொக்ரான் அணுகுண்டுச் சோதனைக்குப் பிறகு ஜப்பான் புதிய கடன்களை நிறுத்தியே வைத்தது. 2000-ல் ஜப்பான் பிரதமர் மோரி டெல்லி வந்தபோது பனி உருக ஆரம்பித்தது. 2016-ல் அதே ஜப்பான், அணு ஆயுதப் பரவல் தடை ஒப்பந்தத்தில் சேராத இந்தியாவோடு அணுசக்தி உடன்பாட்டில் கையெழுத்திட்டது. ஹிரோஷிமாவைச் சந்தித்த நாட்டுக்கு அது லேசான முடிவே இல்லை. என் பார்வையில் இந்த உறவின் பெரிய திருப்பம் அதுதான்.

இந்த நெருக்கத்துக்குக் காரணம்? சீனாவின் வளர்ச்சி. ஜப்பானுக்கு, சீனாவும் உரிமை கோரும் சென்காகு தீவுகள்; நமக்கு இமய எல்லை. அப்புறம், ஜப்பானுக்குப் போகும் மேற்காசிய எண்ணெய் இந்தியப் பெருங்கடல் வழியாகத்தான் போகிறது.

2020-ல் கையெழுத்தான ஒப்பந்தப்படி, கூட்டுப் பயிற்சிக்கு வரும் ஜப்பானியப் போர்க்கப்பலுக்கு நம் துறைமுகத்தில் எரிபொருள், உணவு, குடிநீர் தரலாம். நம் கப்பலுக்கும் அங்கே அப்படியே. டெல்லி, சென்னை மெட்ரோக்களுக்கும் ஜப்பான் குறைந்த வட்டியில் கடன் தந்திருக்கிறது.

வர்த்தகம்தான் இன்னும் சோகை. 2011-ல் பொருளாதாரக் கூட்டு ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தும், சீனாவோடு நாம் செய்யும் வர்த்தகத்துக்குப் பக்கத்தில்கூட அது வரவில்லை.