சம்பள பாக்கியைக் கேட்டு வழக்குப் போடத் தாமதித்தால் உரிமை போய்விடுமா?

பெரும்பாலும் உரிமை அப்படியே இருக்கும். அதை நீதிமன்றத்தின் வழியாக வசூலிக்கும் வாய்ப்புதான் கைநழுவும். வழக்குத் தொடரச் சட்டம் தரும் காலக்கெடுவைக் காலவரம்பு என்கிறோம். இந்தியாவில் சம்பள பாக்கிக்கான உரிமையியல் வழக்குக்கு, பணம் தரவேண்டிய நாளிலிருந்து பொதுவாக 3 ஆண்டுகள்.

ஏன் இந்தக் கெடு? ஆண்டுகள் ஓடினால் வருகைப் பதிவேடு காணாமல் போகும், கணக்கர் வேலை மாறிவிடுவார், சாட்சிகளுக்கு மறந்துவிடும். எது உண்மை என்று நீதிபதியால் சொல்ல முடியாது.

மாதாமாதம் குறைத்துத் தரப்படும் ஓய்வூதியம் வேறு வகை. ஒழுகும் குழாயைப் போல, ஒவ்வொரு மாதமும் புதிய இழப்பு உண்டாகிறது. ஆகவே தாமதமாக வந்தாலும் கதவு முழுதாக அடைபடாது. ஆனால் பழைய பாக்கி எல்லாம் கிடைக்காது. ஊனமுற்றோர் ஓய்வூதியம் கேட்டு சுமார் 16 ஆண்டுகள் கழித்து வந்த முன்னாள் ராணுவ வீரருக்கு, 2008இல் உச்ச நீதிமன்றம் 38 மாத நிலுவையை மட்டுமே அனுமதித்தது. பொதுவாக, மனு தாக்கலுக்கு முந்தைய 3 ஆண்டுகளுக்கே நிலுவை என்றும் சொன்னது. எத்தனை ஆண்டுப் பணம் வீண்! எனக்கு இது மிகவும் வேதனையான விஷயம்.

கெடு முடிவதற்குள் "இவ்வளவு பாக்கி இருக்கிறது" என்று முதலாளி கையெழுத்திட்டு எழுதிக் கொடுத்தால், அந்த நாளிலிருந்து கெடு புதிதாகத் தொடங்கும். அந்தக் கடிதத்தைப் பத்திரப்படுத்துங்கள்.

முதலாளிக்கோ அலுவலகத்துக்கோ மனுமேல் மனு அனுப்பிக்கொண்டிருந்தால் காலம் நீளும் என்று பலர் நம்புகிறார்கள். நீளாது, நீங்கள் அனுப்பும் நினைவூட்டல்களால் கெடு நிற்பதில்லை.