கோத்தகிரி அண்ணாவுக்கு: பாப்பா அணுமின் துறைக்குப் போகலாமா?

அண்ணா, வணக்கம்.

சனிக்கிழமை பாப்பாவின் மேற்படிப்பைப் பற்றி ஆலோசனை கேட்க, அவளைக் கூட்டிக்கொண்டு குன்னூருக்கு வந்தீர்கள். பேச்சு பாதியில் இருக்கும்போதே பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. கேட்க நினைத்ததை எல்லாம் கேட்காமலே போகிறீர்கள் என்று முகத்திலேயே தெரிந்தது. அதனால்தான் எழுதுகிறேன். இதே கவலையோடு இன்னும் சில பெற்றோரும் வருகிறார்கள், அவர்களும் படிக்கட்டும்.

கிளம்பும்போது வாசலில் நின்று, பாப்பாவுக்குக் கேட்காதபடி கேட்டீர்களே, "பொம்பளைப் பிள்ளை, நாளைக்கு ஒரு கல்யாணம், குழந்தைன்னு ஆகணும். அந்தக் கதிர் உடம்பைக் கெடுத்துடாதா?" என்று. அதிலிருந்தே தொடங்குகிறேன். அப்பா கேட்க வேண்டிய கேள்விதான் அது.

கதிர்வீச்சு அணு உலைக்குள் மட்டும் இருப்பதில்லை. மண்ணிலும் பாறையிலும் இருக்கிறது, வானத்திலிருந்தும் வருகிறது. மலைமேல் இருக்கும் நமக்கு, சமவெளியில் இருப்பவர்களைவிட அது கொஞ்சம் அதிகமாகவே வருகிறது. அந்தக் காஸ்மிக் கதிர்களை அளப்பதற்கென்றே ஊட்டியில் கிரேப்ஸ்-3 என்ற ஆய்வுக்கூடம் நடக்கிறது. இயற்கையாக ஒரு மனிதர் மேல் படுவது உலக சராசரியில் ஆண்டுக்கு 2.4 மில்லிசீவர்ட் (உடம்பு வாங்கும் கதிரை அளக்கும் அலகு அது). அணுமின் நிலையத்தில் வேலை செய்பவருக்கு நம் நாட்டில் விதித்த வரம்பு, ஐந்து ஆண்டு சராசரியாக ஆண்டுக்கு 20. எந்த ஓர் ஆண்டிலும் 30-ஐத் தாண்டக் கூடாது. கர்ப்பிணி என்று தெரிவித்துவிட்டால், வயிற்றில் இருக்கும் குழந்தைக்கு மீதி மாதங்கள் முழுவதற்கும் சேர்த்து 1 மில்லிசீவர்ட்தான் வரம்பு. அதற்கு ஏற்றபடி வேலையை மாற்றித் தர வேண்டும்.

வரம்பைத் தாண்டவில்லை என்று யார் பார்ப்பது? என்னிடம் ஆலோசனைக்கு வந்த ஒரு பெண் இன்று கோவையில் புற்றுநோய்க் கதிர்ச் சிகிச்சைப் பிரிவில் மருத்துவ இயற்பியலாளர். போன வருடம் பார்க்கப் போனபோது சட்டையில் குத்தியிருந்த, கதிரை அளக்கும் டிஎல்டி அட்டையைக் காட்டினாள். கிட்டத்தட்ட தீப்பெட்டி அளவுதான். உள்ளே மூன்று சின்ன வட்ட வில்லைகள். வாங்கிய கதிரை அந்த வில்லைகள் பிடித்து வைத்துக்கொள்கின்றன. குறிப்பிட்ட காலத்துக்கு ஒருமுறை ஆய்வகத்துக்கு அனுப்பிச் சூடாக்கினால், பிடித்த அளவுக்கு ஒளி விடுகின்றன. அந்தக் கணக்கு அவள் பெயரில் பதிவாகிவிடும். அணுமின் நிலையத்திலும் இதே அட்டைதான். நம் தோட்டத்தில் மருந்தடிக்கிறவர் உடம்பில் எவ்வளவு மருந்து ஏறியது என்று யாராவது இப்படி எழுதி வைக்கிறார்களா? எனக்கு அது பெரிய வருத்தம், அண்ணா. சரி, அது வேறு விஷயம்.

விபத்தே நடக்காது என்று நான் சொல்ல மாட்டேன். 1986-ல் செர்னோபில், 2011-ல் ஃபுகுஷிமா. ஃபுகுஷிமாவில் சுனாமி வந்து மின்சாரம் போனது, உலையைக் குளிர்விக்க முடியாமல் போனது. கூடங்குளத்தில் மின்சாரமே இல்லாவிட்டாலும் காற்றால் வெப்பத்தை வெளியேற்றும் அமைப்பு வைத்திருக்கிறார்கள். ஆனாலும் இடிந்தகரை மக்கள் பயந்ததை அறியாமை என்று ஒதுக்குவது தப்பு. பாப்பா இந்த வேலைக்குப் போனால், அந்தப் பயத்துக்குப் பதில் சொல்லும் பொறுப்பும் அவளுக்கு இருக்கும்.

அடுத்தது, "உலகத்துக்கே கரண்ட் பத்தலை, இதுதான் வழின்னு இவ சொல்றா, நிஜமா?" என்று கேட்டீர்கள். பாதி நிஜம். காற்றாலை மின்சாரம் நம் தேயிலை மாதிரிதான். சீசனில் கொட்டும், பனி விழுந்தால் காயும். சூரிய மின்சாரம் சாயங்காலம் நின்றுவிடும். நம் பைக்காராவில் 1932-ல் தண்ணீரிலிருந்து மின்சாரம் எடுத்தார்கள், கோவை மில்கள் அதை வைத்து வளர்ந்தன. குந்தா நீர்மின் திட்டமும் வந்தது. ஆனால் மலையில் இனி எத்தனை அணை கட்ட முடியும்? அணு உலை இரவு பகல் பார்க்காமல் ஓடும். 1000 மெகாவாட் அனல் நிலையத்துக்கு வருடத்துக்கு 40 லட்சம் டன்னுக்கு மேல் நிலக்கரி வேண்டும். அதே அளவு அணு உலைக்குச் சுமார் 25 டன் எரிபொருள் போதும். புகையும் இல்லை.

மீதி பாதியையும் சொல்லிவிடுகிறேன். கூடங்குளத்துக்கு ஒப்பந்தம் போட்டது 1988-ல். வேலை தொடங்கியது 2002-ல். முதல் மின்சாரம் வந்தது 2013-ல். இன்றைக்குத் தட்டுப்பாடு என்றால் நாளைக்கே தீர்த்து வைக்கிற வழி இல்லை இது. இந்தியாவின் மின்சாரத்தில் அணுவின் பங்கு இன்னும் 3 சதவீதம் அளவில்தான் நிற்கிறது. 2047-க்குள் 100 கிகாவாட் என்று 2025 பட்ஜெட்டில் அறிவித்திருக்கிறார்கள். இப்போது இருப்பது 9 கிகாவாட்டுக்கும் கீழே. அறிவித்த அத்தனையும் நடக்கும் என்று நான் நம்பவில்லை. பாதி நடந்தாலும் ஆள் நிறைய வேண்டும், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

இனி படிப்பு. இதை மட்டும் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன்: பிளஸ் டூ முடித்ததும் "அணுசக்திப் பொறியியல்" என்று பெயர் போட்ட பட்டத்தில் சேர்க்காதீர்கள். சில வருடங்களுக்கு முன் ஒரு பையன் கல்லூரி விளம்பரத்தை நம்பி அப்படிச் சேர்ந்தான். அரசுத் தேர்வில் இடம் கிடைக்கவில்லை. வெளியே அந்தப் பட்டத்தைக் கேட்ட கம்பெனி ஒன்றுகூட இல்லை. அப்போதே நான் தடுத்திருக்க வேண்டும். உலைக்குள் நடப்பதில் பெரும்பகுதி குழாய், பம்ப், வால்வு, நீராவி, கருவி. அதனால் மெக்கானிக்கல், எலெக்ட்ரிக்கல், கெமிக்கல், இன்ஸ்ட்ருமென்டேஷன், இவற்றில் ஒன்று படிக்கட்டும். பிறகு பொறியியல் படித்தவர்கள் எழுதும் கேட் (GATE) தேர்வு எழுதி இந்திய அணுமின் கழகத்துக்கோ, பாபா அணு ஆராய்ச்சி மையத்தின் ஒரு வருடப் பயிற்சிப் பள்ளிக்கோ போகலாம். அந்தப் பயிற்சி கல்பாக்கத்திலும் நடக்கிறது. அங்கே கிடைக்காவிட்டாலும் அந்தப் பட்டத்துக்கு வெளியே வேலை உண்டு.

பாப்பாவுக்கு இயற்பியல்தான் உயிர் என்றால், பிளஸ் டூ முடித்ததும் நெஸ்ட் (NEST) நுழைவுத் தேர்வு எழுதட்டும். அதன் வழியே சேர, புவனேஸ்வரத்தில் நைசர் (NISER) என்ற அறிவியல் நிறுவனம் இருக்கிறது, அணுசக்தித் துறையே நடத்துகிறது, ஐந்து வருட எம்.எஸ்சி. "அவ்வளவு தூரமா?" என்று நீங்கள் சொல்வது இங்கேயே கேட்கிறது. அப்படியானால் ஊட்டியிலோ கோவையிலோ பி.எஸ்சி. இயற்பியல் படிக்கட்டும். 60 சதவீதம் எடுத்தால் அணுமின் கழகத்தில் உதவித்தொகையோடு பயிற்சி பெறுவதற்கான தேர்வு எழுதலாம். வயது வரம்பு 25, தள்ளிப்போடாதீர்கள்.

செலவை நினைத்துத் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம். ஆறாம் வகுப்பிலிருந்து அரசுப் பள்ளியில் படித்தவள். பொறியியலில் 7.5 சதவீத உள் ஒதுக்கீடு இருக்கிறது, அதில் இடம் கிடைத்தால் கட்டணத்தை அரசே கட்டும். புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1000 ரூபாயும் வரும். பள்ளிச் சான்றிதழ்களை இப்போதே எடுத்து வையுங்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஊட்டிக்குப் பக்கத்தில் முத்தோரைப் பக்கம் அவளைக் கூட்டிப் போங்கள். 530 மீட்டர் நீளத்துக்கு மலைச்சரிவில் ரேடியோ தொலைநோக்கி இருக்கிறது, 1970-லிருந்து வேலை செய்கிறது. அந்தச் சரிவு நம் ஊர் அட்சரேகைக்குச் சமமாக, சுமார் 11 டிகிரி சாய்ந்திருப்பதால்தான் இந்த மலையைத் தேடி வந்தார்கள். அதை நடத்தும் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனமும் அணுசக்தித் துறையின் கீழ்தான் வருகிறது.

அன்றைக்குப் பாப்பா நோட்டில் எழுதி வந்த கடைசிக் கேள்வி, "கழிவை எங்கே வைப்பாங்க?" நேரம் இல்லாமல் விட்டுவிட்டோம். அவளிடம் சொல்லுங்கள்: எரிந்த எரிபொருளை முதலில் தண்ணீர்த் தொட்டியில் ஆற வைப்பார்கள். மறுபடி பயன்படுவதைப் பிரித்தெடுத்து, மிச்சத்தைக் கண்ணாடியோடு சேர்த்து உருக்கி உறைய வைப்பார்கள். அதை நிரந்தரமாகப் புதைக்கும் ஆழ்நிலக் கிடங்கு நம் நாட்டில் இன்னும் கட்டப்படவில்லை. அவள் வேலைக்குப் போகும் காலத்தில் அவள் மேஜையில் இருக்கப்போகும் கேள்வி அது.

அடுத்த முறை காலை பஸ்ஸிலேயே வந்துவிடுங்கள், அண்ணியையும் கூட்டி வாருங்கள். மதிப்பெண் பட்டியலோடு அந்த நோட்டையும் அவள் எடுத்து வரட்டும்.