மே 31 பக்கத்தில் ஓட்டை

1921-இல் அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்து டல்சா நகரில் வெள்ளையர் கும்பல் கறுப்பின மக்களைத் தாக்கிய படுகொலை பற்றிய உங்கள் ஆவணப்படத்துக்காகத் தேடிய நாளிதழ்ப் பக்கத்தில் ஓட்டை இருக்கிறதே என்று கேட்டீர்கள். அது ஸ்கேன் கோளாறு இல்லைங்க. டல்சா ட்ரிப்யூன் நாளிதழின் 1921 மே 31 இதழை மைக்ரோபிலிம் எடுக்கும் முன்பே வன்முறையைத் தூண்டியதாகச் சொல்லப்படும் முதல் பக்கச் செய்தியை யாரோ கிழித்துவிட்டார்கள். வேறு நூலகத்தில் அதே பிலிமைக் கேட்டு அலையாதீர்கள். அந்தக் கிழிசலையே குளோசப்பில் காட்டுங்கள், மறைத்ததற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம்.

மற்ற ஆவணங்கள் சிக்காததற்கு நீங்கள் 'படுகொலை' என்று தேடுவது காரணமாக இருக்கலாம். 'கலவரம்' என்று போட்டுப் பாருங்கள். அன்று அப்படித்தான் பதிந்தார்கள்; அந்தச் சொல்லைக் காட்டியே காப்பீட்டு நிறுவனங்கள் கறுப்பின மக்கள் வாழ்ந்த கிரீன்வுட் பகுதியில் எரிந்த வீடு, கடைகளுக்கு இழப்பீடு மறுத்தன. அப்படி மறுத்த காப்பீட்டு நிறுவனத்தின் மீது ரெட்ஃபெர்ன் என்பவர் தொடுத்த வழக்கில் ஓக்லஹோமா உச்ச நீதிமன்றம் தந்த 1926 தீர்ப்பைக் கட்டாயம் படியுங்கள்.

ஒன்று மட்டும்: இறந்தவர்கள் எத்தனை பேர் என்று ஒரே எண்ணைத் திரையில் போடாதீர்கள். அன்றைய அரசுக் கணக்கு 36, மதிப்பீடுகள் 300 வரை போகின்றன.